ஆட்டுத் தலைக்குள் ஒளிந்திருந்த நீர்

மேட்டூர் அணையிலிருந்து அதிகத் தொலைவில்லாத மேச்சேரி என்னும் ஊரின் பெயரை, அவ்வூரைக் கண்டிராத தோல் வணிகர்களும் கால்நடை மருத்துவர்களும்கூட அறிவர். மேச்சேரிச் செம்மறி என்றே ஓர் ஆட்டினம் உண்டு. கம்பளிமயிர் இல்லாத, இளம்பழுப்பு நிறத்துக் குறுமயிர் போர்த்த, கடாவுக்கும் கொம்பு முளைக்காத இனம். சேலம், நாமக்கல், ஈரோடு, கரூர், தருமபுரி மாவட்டங்களின் வானம் பார்த்த மேட்டுக்காடுகள்தாம் இதன் தாயகம். இதன் தோலுக்கு உள்ள மதிப்பைப் பற்றி எழுதப் பலர் இருக்கிறார்கள். நாம் எழுத வந்தது தோலுக்கும் எலும்புக்கும் உள்ளே இருக்கும் ஒன்றைப் பற்றி.

நண்பர்கள் நால்வர் ஒரு வாரச் சந்தை நாளில் அவ்வூர்ப் பக்கம் போயிருந்தோம். போன காரியம் கோயிலும் நடுகல்லும். வழியில் ஒரு கறிக்கடை வாசலில் நின்றுவிட்டோம். நெருப்பில் வாட்டி மயிர் நீக்கிய தலையொன்றைக் கடைக்காரர் கட்டையின்மேல் நிறுத்தி, கத்தியின் பின்புறத்தால் இரண்டு தட்டுத் தட்டி, மண்டையோட்டைப் பிளந்தார். "ஏனுங்க சார், மூளை மட்டும் போதுமுங்களா, தலைக்கறியோட வேணுமுங்களா?" என்றவர், நாங்கள் விலை கேட்காமல் மூளையையே உற்றுப் பார்ப்பதைக் கண்டு சற்றே ஐயுற்றார்.

உள்ளங்கையில் அடங்கும் உறுப்பு அது. மனித மூளையின் எடையில் ஏறத்தாழப் பத்தில் ஒரு பங்கு. டியூரா மேட்டர் என்னும் தடித்த வெளியுறையை உரித்தால் மடிப்பு மடிப்பாகப் பெருமூளையின் இரு பாதிகள், பின்னால் சிறுமூளை, அதன்கீழ் முகுளம். முன்புறம் இரண்டு பெரிய மோப்பக் குமிழ்கள் துருத்திக்கொண்டிருக்கும். மனிதனில் இவை மெலிந்த காம்பின் நுனியில் சிறு முடிச்சுகள். ஆட்டுக்கோ உலகத்தின் பெரும்பகுதி மூக்கின் வழியாகவே வருகிறது; ஈன்ற சிறிது நேரத்திலேயே தன் குட்டியின் வாசனையைத் தாய் கற்றுக்கொண்டு, பிற குட்டிகளை முட்டித் தள்ளிவிடும்.

மூளையை நெடுக்காக இரண்டாக அரிந்தால், உள்ளே வெற்றிடங்கள் தெரியும். பாதிக்கொன்றாகப் பெருமூளைக்குள் இரு பக்க அறைகள்; நடுவே மூன்றாம் அறை; சிறுமூளைக்கு அடியில் நான்காம் அறை. ஆட்டில் மூன்றாம் அறையின் வடிவம் வேடிக்கையானது. இருபுறத்துத் தலாமசும் நடுவில் பெரிதாக ஒட்டிக்கொண்டிருப்பதால் அறை அந்த ஒட்டைச் சுற்றி ஒரு வளையம்போல் ஓடுகிறது. பக்க அறையோ முன்னே நீண்டு மோப்பக் குமிழுக்குள்ளும் கை நீட்டுகிறது. மூன்றாம் அறையையும் நான்காம் அறையையும் இணைப்பது மயிரிழை வாய்க்கால் ஒன்று. சில்வியசின் கால்வாய் என்பார்கள்.

பள்ளிப் பாடத்தில் இவ்வறைகள் நிறையத் திரவம் உண்டு என்று படித்திருந்தோம். கட்டையின்மேல் கிடந்ததிலோ அறைகள் இருந்தன; நீர் இல்லை. ஈரம் மட்டுமே இருந்தது. "தண்ணி எங்கே போச்சு?" என்று எங்களுள் ஒருவர் கேட்டார். அற்பமான இக்கேள்விக்குச் சரியான விடை கிடைக்க மனித குலத்துக்கு ஏறத்தாழ ஈராயிரம் ஆண்டுகள் ஆயின.

கறிக்கடையில் மூளை வாங்கி ஆராய்ந்த முதல் ஆள் நாமல்லோம். கி.பி. 2ஆம் நூற்றாண்டில் ரோமில் வாழ்ந்த காலன் என்னும் மருத்துவன், உடற்கூறு கற்போருக்கு எழுதிய நூலில் மாட்டு மூளையைக் கொண்டே பாடத்தைத் தொடங்குகிறான். பெருநகரங்களில் ஓடு நீக்கிய மாட்டு மூளை விலைக்குக் கிடைக்கிறது, பக்கத்து எலும்பு மிச்சமிருந்தால் விற்பவனையே நீக்கித் தரச் சொல் என்பது அவனது அறிவுரை. மனித உடலை அறுப்பது அக்காலத்து ரோமில் வழக்கமன்று. ஆகவே ஆடு, மாடு, பன்றி, குரங்கு ஆகியவற்றில் கண்டதை மனிதனுக்கும் உரியதாகக் கொண்டான். மூளையின் அடியில், மண்டையோட்டுத் தளத்தில், நுண்ணிய நாளங்கள் வலைபோல் பின்னிக் கிடப்பதைக் கண்டு அதற்கு 'அதிசய வலை' என்று பொருள்படப் பெயரிட்டார்கள். குருதியோடு வரும் உயிர்க்காற்று இந்த வலையிலும் அறைகளுக்குள் தொங்கும் கோராய்டு பின்னலிலும் வடிந்து தூய்மையாகி, அறைகளில் தங்கி, நரம்புகளின் வழியே உடலை ஆளுகிறது என்பது அவன் கொள்கை. அவன் பார்த்த அறைகளும் நாங்கள் பார்த்ததைப்போல் வெறுமையாகவே இருந்திருக்க வேண்டும். வெற்றிடத்தில் காற்றைக் குடிவைப்பது இயல்புதானே.

இதன்பின் நடந்தது இன்னும் விந்தை. நான்காம் நூற்றாண்டில் எமெசா நகரத்து ஆயர் நெமேசியசு போன்றோர் அறைக்கொரு தொழில் பிரித்துக் கொடுத்தார்கள். முன்னறையில் கற்பனை, நடுவறையில் அறிவு, பின்னறையில் நினைவு. மூளையின் சதை வெறும் சுவர். மனம் குடியிருப்பது அறைகளில். ஆயிரம் ஆண்டுகளுக்கு மேலாக ஐரோப்பியரும் அராபியரும் இதை அடிப்படையாகக் கொண்டனர். 1508ஆம் ஆண்டையொட்டி லியொனார்டோ டாவின்சி ஒரு மாட்டு மூளையின் அறைகளுக்குள் உருக்கிய மெழுகைப் பீய்ச்சி, அது இறுகியதும் சதையை நீக்கி, வெற்றிடத்தின் உருவத்தையே கையில் எடுத்துப் பார்த்தார். நம் ஊர்ச் சிற்பிகள் மெழுகு வார்த்துப் படிமம் செய்யும் முறையைத் தலைகீழாக்கியது போன்ற உத்தி. உருவம் சரியாக வந்தது. ஆனால் வரைபடத்தில் அந்த அறைகளின்மேல் அவர் எழுதியவை பழைய பெயர்களே. கண் புதியதைக் கண்டபோதும் கை பழையதை எழுதியது.

இவ்வரலாற்றில் செம்மறியாட்டுக்கு உரிய இடம் வெசேலியசிடம் வருகிறது. 1543இல் அவர் வெளியிட்ட மனித உடலமைப்பு நூல் காலனின் பிழைகள் பலவற்றைக் களைந்தது. அந்த அதிசய வலை மனிதனிடம் இல்லை என்பது அவற்றுள் ஒன்று. (அவருக்கு முன்பே 1521இல் பெரங்காரியோ ட கார்ப்பி, தான் எவ்வளவு தேடியும் அதைக் காணவில்லை என்று சொல்லிவிட்டார் என்பதையும் குறித்துவிடுவோம்.) எம்மை மிகவும் கவர்வது வெசேலியசின் ஒப்புதல். காலனின்மீது கொண்ட பற்றினால், மக்கள் கூடிய அவையில் மனிதத் தலையை அறுக்கும்போதெல்லாம் பக்கத்தில் ஓர் ஆட்டுக்குட்டியின் தலையையோ மாட்டின் தலையையோ வைத்துக்கொள்வாராம். மனிதனிடம் காணக் கிடைக்காத வலையை அதில் காட்டி ஒப்பேற்றுவாராம். தன் மடமையை எண்ணித் தானே வெட்கப்படுவதாகவும் எழுதினார். தான் அவையில் நடத்திய ஏமாற்றைத் தானே அச்சிலேற்றிய ஆசிரியர்கள் அக்காலத்தில் அதிகம் இருந்திருக்க மாட்டார்கள், இக்காலத்திலும் இல்லை.

காலன் ஆன்மாவின் ஆலை என்று நினைத்த அந்த வலை ஆட்டுக்கு எதற்கு? சேலம் சமவெளியின் சித்திரை வெயிலில் நின்று பார்த்தால் விடை புரியும். மரமற்ற காட்டில் உச்சிப்பொழுதில் செம்மறிகள் வட்டமாக நெருங்கி நின்று, ஒன்றன் வயிற்றுக்கடியில் மற்றொன்று தலையைப் புதைத்துக்கொண்டு, இரைத்துக்கொண்டிருக்கும். மூக்கின் ஈரப்பரப்பில் குளிர்ந்த குருதி ஒரு குளத்தில் தேங்குவதுபோல் மூளையடியில் தேங்குகிறது. இதயத்திலிருந்து வரும் சூடான குருதி அக்குளத்துக்குள் மூழ்கிய அந்த நுண்வலையின் வழியாகச் சென்று, சூடு தணிந்து மூளைக்கு ஏறுகிறது. உடல் கொதித்தாலும் மூளை சற்றுத் தண்மையாக இருக்கிறது. மண்பானை நீரில் செம்புச் சுருளைப் போட்டு அதன்வழி சுடுநீரை ஓட்டினால் எப்படியோ அப்படி. மனிதனுக்கு இந்த ஏற்பாடு இல்லை, நமக்குத் தலைப்பாகை.

நீரின் கதைக்குத் திரும்புவோம். 1764இல் நேபிள்சைச் சேர்ந்த தொமேனிக்கோ கொத்துன்யோ, நாங்கள் மேச்சேரியில் கேட்ட கேள்விக்கு விடை சொன்னார். உடற்கூற்றறிஞர்கள் முதற்காரியமாகத் தலையைக் கழுத்திலிருந்து வெட்டி எடுத்துவிடுகிறார்கள். வெட்டிய கணமே மூளையைச் சுற்றியும் உள்ளேயும் இருந்த நீர் முதுகெலும்புக் குழாய் திறந்த வழியாக வடிந்துவிடுகிறது. பின்னர் மண்டையைத் திறந்து, உள்ளே காற்றுத்தான் இருந்தது என்கிறார்கள். தலையை வெட்டாமல் முதலில் இடுப்புப் பக்கத்து முதுகெலும்பைத் திறந்து பாருங்கள், நீர் கொட்டும் என்றார். திறந்தார்கள்; கொட்டியது. அருவாளின் முதல் வெட்டிலேயே சான்று போய்விட்டது என்பதை, அந்த வெட்டை வாழ்நாளெல்லாம் பார்த்தவர்களும் கவனிக்கவில்லை. கோயில் பலியிலும் கறிக்கடையிலும் முதலில் போவது கழுத்துத்தான். நம் ஊரில் மட்டும் வேறு எப்படித் தெரிந்திருக்கும்?

பின்வந்தோர் அந்நீரின் ஓட்டத்தைத் துலக்கினார்கள். அறைகளுக்குள் தொங்கும் கோராய்டு பின்னலில் பெரும்பாலும் சுரந்து, பக்க அறையிலிருந்து மூன்றாவதற்கும் அங்கிருந்து நான்காவதற்கும் இறங்கி, நான்காம் அறையின் துளைகள் வழியே வெளிவந்து மூளையையும் தண்டுவடத்தையும் சூழ்ந்து நிற்கிறது. மனிதனில் எந்நேரமும் இருப்பது ஏறத்தாழ 150 மில்லிலிட்டர்; நாளொன்றுக்குச் சுரப்பதோ அரை லிட்டர் அளவு. ஆக, ஒரே நாளில் மூன்று முறைக்கு மேல் ஊற்று மாறிவிடுகிறது. பிரெஞ்சு அறிஞர் மஜாந்தி நான்காம் அறையின் நடுவே கண்ட துளை அவர் பெயரால் வழங்குகிறது. ஆட்டிடம் அத்துளை இல்லை. 1855இல் லுஷ்கா விளக்கிய பக்கத் துளைகள் மட்டுமே அதற்கு. ஆட்டை வைத்து மனிதனைப் படித்துப் பிழைபட்ட காலம் ஒன்று. மனிதனை வைத்து ஆட்டைப் படித்தாலும் பிழைபடலாம் என்பதற்கு இது சான்று.

இதுவரை சொன்னது நல்ல நீர். ஆட்டுத் தலைக்குள் கெட்ட நீரும் உண்டு. எங்களுள் ஒருவரை அன்று கறிக்கடை வாசலிலிருந்து நகரவிடாமல் நிறுத்தியது அதுவே.

அவர் அப்பக்கத்தில் பிறந்தவர். பத்து வயதுவரை பாட்டியின் ஆடுகளை மேய்த்தவர். ஓராண்டு பட்டியில் ஒரு மறி தனித்து நிற்கத் தொடங்கியது. தலையை ஒருபுறம் சாய்த்து, இடப்பக்கமாகவே சுற்றிச் சுற்றி நடந்தது. வேலியில் முட்டி அங்கேயே நின்றது. ஒரு கண்ணில் பார்வை இல்லை. "காத்து கருப்பு பட்டிருச்சு சாமி" என்று பாட்டி திருநீறு போட்டாள். கழுத்தில் கயிறு கட்டினாள். மூன்றாம் வாரம் அது தீனியை விட்டது. வீணாய்ச் சாகவிட மனமின்றி அறுத்தார்கள். மண்டையைப் பிளந்தபோது மூளையின் ஒரு பக்கத்தில், எலுமிச்சம்பழ அளவில், தெளிந்த நீர் நிரம்பிய ஒரு பை. அதன் உட்சுவரில் கொத்துக் கொத்தாக வெண்புள்ளிகள். அருவருத்துப்போய், தலையை அப்படியே பட்டியைக் காத்த நாய்க்குப் போட்டார்கள். அதன்பின் வந்த மாதங்களில் மேலும் மூன்று மறிகள் சுற்றின. எட்டு உருப்படிகளே கொண்ட பட்டி அது. பாட்டி மிச்சத்தை வந்த விலைக்கு விற்றுவிட்டாள்.

அந்தப் பையை முதன்முதலில் எழுத்தில் காண்பது கிரேக்க மண்ணில், கி.மு. 400ஐ ஒட்டிய இப்போகிரட்டீசு மரபின் நூலொன்றில். வலிப்பு நோய் தெய்வத்தின் சினத்தால் வருவதன்று என்று வாதிடும் அந்நூலாசிரியர், நோயுற்ற வெள்ளாட்டின் தலையைத் திறந்து பாருங்கள், மூளை நீர் கோத்து நாற்றமடிப்பதைக் காண்பீர்கள், உடலைக் கெடுத்தது நோயே என்று அறிவீர்கள் என்கிறார். அவர் கண்டது எந்த நோயென்று இன்று முடிவு கட்ட இயலாது. இந்நீர்க்கட்டியாகவே இருக்கலாம் என்பது பலர் ஊகம். நம்மிடமும் ஒரு கதை உண்டு. தீராத் தலைவலியால் துடித்த மன்னனின் கபாலத்தை அகத்தியர் திறக்க, மூளையின்மேல் ஒரு தேரை அமர்ந்திருந்ததாம். பிடுங்கினால் மூளை சிதையும். அருகில் நின்ற மாணவன் ஒரு பாத்திரத்தில் நீரைக் கொண்டுவந்து காட்ட, தேரை நீரில் தாவியது. மாணவனுக்குத் தேரையர் என்ற பெயர் வந்தது. நாம் இக்கதையை அறுவை மருத்துவத்தின் ஆவணமாகக் கொள்வாரல்லோம். ஆனால் தலைக்குள் உயிருள்ள ஒன்று புகுந்து வளர முடியும் என்ற எண்ணம், ஆட்டு மண்டைகளை நாளும் பிளக்கும் சமூகத்தில் வானத்திலிருந்து வந்திருக்க வேண்டியதில்லை என்று மட்டும் தோன்றுகிறது.

1780இல் லைப்சிக் நகரத்து லெஸ்கே, ஆடுகள் சுழல்வதற்குக் காரணம் மூளையிலுள்ள அந்தப் பையே என்றும், பை என்பது நாடாப்புழு வகையின் ஓர் உருவமே என்றும் எழுதினார். வெண்புள்ளி ஒவ்வொன்றும் ஒரு புழுவின் தலை. ஆனால் அது ஆட்டின் தலைக்குள் எப்படி வந்தது? 1850களில் கூகென்மைஸ்டர் என்னும் ஜெர்மானிய மருத்துவர் அப்பைகளை நாய்களுக்குத் தின்னக் கொடுத்தார். நாயின் குடலில் நாடாப்புழுக்கள் வளர்ந்தன. அப்புழுவின் முட்டை நிறைந்த கணுக்களைச் செம்மறிக் குட்டிகளுக்குக் கொடுத்தார், குட்டிகள் சுழன்றன. வட்டம் முழுமையானது. நாயின் மலத்தோடு விழும் முட்டை புல்லில் ஒட்டி ஆட்டின் வயிற்றுக்குப் போய், குருதியில் ஏறி மூளைக்குச் சென்று, மாதக்கணக்கில் பையாகப் பருக்கிறது. அந்த மூளையை நாய் தின்றாலன்றிப் புழுவுக்கு மறுபிறப்பு இல்லை.

நண்பர் இதை முதன்முதலாகப் படித்தபோது நாற்பது வயதைக் கடந்திருந்தார். அந்தப் பட்டியை அழித்தது எது என்பதை அந்தப் பக்கத்தில்தான் தெரிந்துகொண்டார். பாட்டி அப்போது இல்லை.

வரலாற்றன்பர்களுக்கு இங்கே இன்னொன்று நினைவுக்கு வரும். சோழர் கல்வெட்டுகளில் ஒரு நுந்தாவிளக்கு எரிக்கப் பெரும்பாலும் 96 ஆடுகள் கொடுக்கப்படும். ஏற்றுக்கொண்ட மன்றாடி நாள்தோறும் உழக்கு நெய் அளக்க வேண்டும். அவ்வாடுகளுக்குக் கல்வெட்டு தரும் பெயர் 'சாவா மூவாப் பேராடு'. சாகா, மூப்படையா. குட்டிகளால் எண்ணிக்கை நிறைந்துகொண்டே இருக்கும் என்பது கணக்கு. செத்தாலும் கிழடானாலும் இடையனே ஈடுசெய்ய வேண்டும் என்பது கணக்கின் மறுபக்கம். கோயிலின் பார்வையில் ஆடு சாவதே இல்லை. சாவதெல்லாம் இடையனின் வீட்டில்தான். தொண்ணூற்றாறில் இருபது சுழன்று வீழ்ந்த ஆண்டில் அந்த மன்றாடி என்ன செய்திருப்பான்? விளக்கின் புகழைக் கல் சொல்கிறது. இதைச் சொல்லும் கல் எதையும் நாம் இதுவரை படித்ததில்லை.

இவ்வறிவு தமிழில் வராமலும் இல்லை. யாழ்ப்பாணத்து மானிப்பாயில் பணியாற்றிய அமெரிக்க மருத்துவர் சாமுவேல் பிஸ்க் கிறீன், மேனாட்டு மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்தார். கிரேயின் உடற்கூற்று நூலைத் தழுவிய 'மனுஷ அங்காதிபாதம்' 1872இல் வெளிவந்தது. கலைச்சொல்லுக்கு முதலில் தமிழ், அடுத்து வடமொழி, இறுதியாகவே ஆங்கிலம் என்பது அவர் வழி. மூளையின் அறைகளைத் தமிழ் மாணவன் தமிழில் ஓதிய ஒரு காலம் இருந்தது என்பதை, இன்று சொன்னால் நம்புவோர் குறைவு. சென்னையில் 1903இல் தொடங்கிய கால்நடை மருத்துவக் கல்லூரியும், நாமக்கல்லில் 1985இல் தோன்றிய கல்லூரியும் ஆங்கிலத்தில் கற்பிப்பவை. நாமக்கல் கல்லூரியிலிருந்து மேச்சேரிப் பக்கத்துப் பட்டிகள் ஒருநாள் பயணத்துக்குள் அடங்கும். எனினும் ஆட்டுத் தலையை நாய்க்குப் போடாதே, நாய்க்குக் குடற்புழு மருந்து கொடு என்னும் இரண்டு வாக்கியங்கள் அத்தனை பட்டிகளையும் சென்றடைந்துவிட்டனவா என்று கேட்டால், ஆம் என்று சொல்ல எங்களுக்குத் துணிவில்லை. மருந்து இருக்கிறது. பை முற்றிய இடத்தில் மண்டையோடு சில வேளைகளில் மெலிந்து விரலுக்கு நெகிழ்ந்து கொடுக்கும். அங்கே துளையிட்டுப் பையை வெளியே இழுக்கும் அறுவையும் இருக்கிறது. ஒரு மறிக்காக அவ்வளவு செலவு செய்ய இயன்றவர்கள் எத்தனை பேர் என்பது வேறு கதை.

அன்று கறிக்கடையில் ஒரு தலையை விலைக்கு வாங்கினோம். மூளை நலமாகவே இருந்தது. நண்பர் இரு பாதிகளையும் விரலால் தடவிப் பார்த்து உறுதி செய்துகொண்டார். கட்டைக்கடியில் மூன்று நாய்கள் காத்துக்கிடந்தன. கழித்துப்போட்ட தலைகளை என்ன செய்வீர்கள் என்று அவர் கடைக்காரரைக் கேட்டார். "அதுகளுந்தான் பொழைக்கணுமுங்களே" என்றார் அவர் சிரித்துக்கொண்டு. நண்பர் சிரிக்கவில்லை. கடைக்குள் சென்று அடுப்புத் திண்ணையில் அமர்ந்து, பாட்டியின் எட்டு ஆடுகளின் கதையை முதலிலிருந்து சொல்லத் தொடங்கினார். நடுகல்லைப் பார்க்க நாங்கள் அன்று போகவில்லை.